நாற்பது நாற்காலிகள்

சுதந்திரத்தைத் தேடி ஊர் ஊராக அலைபவர்கள் இனிமேல் அலைய வேண்டாம். அது அந்த ஆபீசின் மூன்றாவது மாடியில் சௌக்கியமாகக் குடியிருந்தது. 'செய்யாதே' என்று ஒரு பலகை கிடையாது. மேனேஜர் தம் அறைக் கதவையே கழற்றிவிட்டார். மொத்தம் நாற்பது நாற்காலிகள். யாரும் எதிலும் உட்காரலாம் என்பது 'கொள்கை'.

அந்த நாற்பதையும் தினமும் துடைப்பவள் ஆபீசுக்கே அக்கா. அக்காவுக்கு முழங்கால் வீங்கியிருந்தது. மணிக்கொரு தடவை பத்து நிமிஷம் உட்காராவிட்டால் கத்தி வைக்க வேண்டிவரும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். கொள்கையை நம்பி, ஜன்னலோரம் காலியாக இருந்த நாற்காலியில் அக்கா உட்கார்ந்தாள்.

உடனே அன்பு பொங்கியது.

"என்னக்கா, உடம்புக்கு முடியலையா?" என்றார் கணக்கர்.

"யாரையாவது பாக்கணுமாக்கா?" என்றாள் ரிசப்ஷன் பெண்.

"உக்காருங்க, உக்காருங்க, சும்மாதான் வந்தேன்" என்று மேனேஜரே எழுந்து வந்து, அக்கா எழுந்திருக்கும்வரை பக்கத்திலேயே நின்றார். இவ்வளவு அன்பைத் தாங்க எந்த முழங்காலுக்குத்தான் தெம்பு உண்டு?

மறுநாள் அந்த நாற்காலிமேல் ஒரு ஃபைல் கட்டு இருந்தது. அக்கா அடுத்ததில் உட்கார்ந்தாள். மறுநாள் அதன்மேலும் ஒரு கட்டு வந்தது. கடைசியில் துடைப்பம் வைக்கும் அறையில் வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்காரப் பழகிக்கொண்டாள். வாளி குட்டை, காலை நீட்ட இடமில்லை. வீக்கம் கூடியது.

'கட்டுப்பாடற்ற பணியிடம்' விருதுக்காக ஓர் அதிகாரி விசாரிக்க வந்தார். மீட்டிங் அறையில் எல்லோரும் அமர்ந்த பிறகு சாட்சி சொல்ல அக்கா வரவழைக்கப்பட்டாள். ஒரே ஒரு நாற்காலி பாக்கியிருந்தது. அதில் மேனேஜரின் பை வீற்றிருந்தது.

"பயப்படாம சொல்லுங்கக்கா. இங்க உக்காரக்கூடாதுன்னு யாராவது சொன்னாங்களா?" என்று மேனேஜர் கேட்டார்.

"ஒருத்தரும் சொல்லலை சார்."

அதிகாரி 'கட்டுப்பாடு: இல்லை' என்று எழுதி அடிக்கோடும் போட்டார். எல்லோரும் கைதட்டினார்கள். அக்கா சுவரைப் பிடித்துக்கொண்டு, கைதட்டல் அடங்கக் காத்திருந்தாள்.

"சொல்லியிருந்தா, ஏன்னு கேட்டிருப்பேன்" என்றாள்.

அதிகாரியின் பேனா நின்றது. மேனேஜர் கனிவோடு அக்காவின் பக்கம் திரும்பினார்.

"என்னக்கா, உடம்புக்கு முடியலையா?"

பை இருந்த இடத்திலேயே இருந்தது.