நான் விழுங்கிய ஏரிக்குரல்

பிடிவாதம் நல்ல குணம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். எடுத்த காரியத்தை நான் பாதியில் விட்டதே இல்லை. நான் கெட்டதெல்லாம் அதனால்தான்.

அப்போது ஒரகடத்தில் ஒரு கார் உதிரிபாகக் கம்பெனியில் ஆபரேட்டராக இருந்தேன். லைன் லீடர் ஆகவேண்டும், அது ஒன்றுதான் குறி. "இந்தத் தீவாளிக்கு லைன் லீடராத்தான் ஊருக்கு வருவேன்" என்று அம்மாவிடம் போனில் சவால் வேறு விட்டிருந்தேன். வேலை எனக்கு அத்துப்படி. குரல்தான் மோசம். என்ன கத்தினாலும் பக்கத்து மெஷினைத் தாண்டாது. எங்கள் கம்பெனியிலோ, லைன் லீடர் ஆக ஆசைப்படுகிறவன் ஒருநாள் காலை மீட்டிங்கில் பாதுகாப்பு உறுதிமொழி சொல்லிக் காட்ட வேண்டும். அவன் ஒவ்வொரு வரியாகக் கத்த, இருநூறு பேரும் கையை நீட்டிக்கொண்டு திருப்பிச் சொல்வார்கள். கடைசி வரிசைக்குக் கேட்காவிட்டால் ஆள் அவுட்.

என்னோடு வேலை பார்த்த ஏகாம்பரம் பிள்ளைப்பாக்கத்துக்காரன். "இதுக்கு இன்னாத்துக்குப்பா மூஞ்சத் தொங்கப் போட்டுகினு கீற? ஒரு ஏரிக்குரலப் புடிச்சு முழுங்கு" என்றான்.

மழை விட்ட மறுநாள் பிள்ளைப்பாக்கம் ஏரியிலிருந்து கிளம்புகிற உயிருள்ள ஓசைதான் ஏரிக்குரல். உடம்பு கிடையாது. கொசு மாதிரி காதோரம் 'ம்ம்ம்' என்று சுற்றும். (எங்கள் கோவில்பட்டிப் பக்கம் இதெல்லாம் ஏது? ஏரியில் தண்ணீரே கிடையாது!) காலிப் பாத்திரத்தைக் கண்டால் உள்ளே போய் அடைந்துகொள்ளும். மூன்று நாள் மூடி வைத்தால், காதில் எது அதிகம் விழுகிறதோ அதைக் கற்றுக்கொள்ளும். பிறகு திறந்து ஒரே மூச்சில் விழுங்கினால், நம் வாய் வழியாக ஊருக்கே கேட்கிற மாதிரி கத்தும். அக்கரையில் மேயும் மாட்டைக் கூப்பிட அந்த ஊர்க்காரர்கள் செய்வது இதைத்தான்.

"நடுவுல தொறந்து பாக்காத, ஓடிப்பூடும். மொத வரிய மட்டும் கத்து, மீதிய ஜனமே சொல்லிடும். அப்பால வாய மூடிகினா அது தானா பூடும், கவலப்படாத" என்றும் சொல்லிக் கொடுத்தான்.

இருபது லிட்டர் தண்ணீர் கேனில் ஒன்றைப் பிடித்து, மடியில் வைத்துக்கொண்டு ஷேர் ஆட்டோவில், நாங்கள் ஆறு பேர் தங்கியிருந்த சுங்குவார்சத்திரம் அறைக்கு வந்து சேர்ந்தேன். உடனே கேன் பக்கத்தில் உட்கார்ந்து, "பாதுகாப்பே முதல்!" என்று பாடம் எடுத்தேன். நைட் ஷிப்ட் முடித்துத் தூங்கிக்கொண்டிருந்த அறைத்தோழன் முருகன் எழுந்து உட்கார்ந்தான்.

"ஏலே, மனுசன் கண்ணசர வேண்டாமா? ஒம் பாதுகாப்பத் தூக்கிட்டு மாடிக்குப் போல!"

கேன் மாடிக்குப் போயிற்று. மாடியில் தண்ணீர்த் தொட்டி இருந்தது. தொட்டி இருந்தால் வீட்டு ஓனர் கஸ்தூரி அக்காவும் அங்கே வருவார் என்பது என் மரமண்டையில் ஏறவில்லை. நான் காலையும் மாலையும் கீச்சுக்குரலில் பாடம் எடுத்தேன். அக்கா பகலெல்லாம் எடுத்தார்.

நாலாம் நாள் காலை மாடியிலேயே அதை விழுங்கினேன். அதன்பிறகு வாயைத் திறக்கவில்லை. சூப்பர்வைசர் குட்மார்னிங் சொன்னதற்கும் தலையைத்தான் ஆட்டினேன். மீட்டிங்கில் முன்வரிசையில் பிளான்ட் ஹெட் நின்றார். வெளிநாட்டுக்காரர், தமிழ் ஒரு வார்த்தை தெரியாது. ஆனாலும் தினமும் கையை நீட்டி எங்களோடு சேர்ந்து சொல்லுவார்.

மேடையேறி நெஞ்சை நிமிர்த்தி, "பாதுகாப்பே முதல்!" என்று கத்தினேன். வந்தது இது:

"எவன்டா அவன், மோட்டாரப் போட்டுட்டுப் பூட்டவன்?"

அச்சு அசல் கஸ்தூரி அக்கா குரல், கேட் செக்யூரிட்டி வரைக்கும் கேட்டிருக்கும். அப்புறம் பழக்கதோஷம், இருநூறு பேரும் நீட்டிய கையோடு முழங்கினார்கள்: "எவன்டா அவன், மோட்டாரப் போட்டுட்டுப் பூட்டவன்!" பிளான்ட் ஹெட் ஓர் எழுத்துப் பிசகாமல் சொன்னார்.

அங்கேயே இறங்கியிருந்தால் நான் மனுஷன். உறுதிமொழி ஐந்து வரி. ஐந்தையும் முடிக்காமல் இறங்குவதில்லை என்று பல்லைக் கடித்துக்கொண்டேன். அடுத்த வரியாவது சரியாக வந்துவிடாதா?

"தொட்டி ரொம்பி வழியுது, கண்ணு தெர்ல?"

அதையும் முழங்கினார்கள்.

"ஆறு தடிமாடுங்க கீறீங்க, ஒருத்தனுக்காவது அறிவு கீதா?"

கூட்டம் சிரிப்பில் குலுங்க ஆரம்பித்தது. எச்.ஆர். மேனேஜர் போதும் போதும் என்று கையை ஆட்டினார். நான் கண்ணை இறுக மூடிக்கொண்டேன்.

"அடுத்த மாசம் ரூமக் காலி பண்ணுங்கடா!"

ஐந்தாவது: "சொம்மா மூஞ்சப் பாத்துகினு நிக்காத, போய் நிறுத்து!" கடைசி வரிசையில் ஒருவன் பயந்துபோய் ஓடி, கன்வேயரை நிறுத்தியே விட்டான்.

பிளான்ட் ஹெட் மட்டும் கைதட்டினார். யாரோ அவர் காதில் அர்த்தம் சொன்னதும் அதுவும் நின்றது.

லைன் லீடர் பதவி ஏகாம்பரத்துக்குப் போயிற்று. (ஐடியா கொடுத்த புண்ணியவானுக்கு!) எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. வாய்விட்டு அழவும் பயம், அழுதாலும் அக்காதானே வருவார்? அம்மாவுக்கு முருகன்தான் போன் போட்டுச் சொன்னான். அந்தத் தீபாவளிக்கு நான் ஊருக்கே போகவில்லை.

"ஒருவாட்டிதான்டா கத்தச் சொன்னேன்! அஞ்சுவாட்டி கத்தவுட்டா அது அங்கியே குடித்தனம் வச்சிடும்" என்று ஏகாம்பரம் தலையில் அடித்துக்கொண்டான். அவன் சொன்னபடியே என் தொண்டையை அது இன்றுவரை காலி பண்ணவில்லை.

ஆனால் நானும் விடவில்லை. இரண்டு வருஷம் கழித்து மறுபடி மேடை ஏறினேன். கத்தினால்தானே அக்கா வருவார்? என் சொந்தக் கீச்சுக்குரலிலேயே மெதுவாகச் சொன்னேன். எந்த வரியில் மோட்டார் வருமோ என்று இருநூறு பேரும் மூச்சுவிடாமல் காத்திருந்தார்கள். அந்த அமைதியில் கடைசி வரிசைக்கும் தெளிவாகக் கேட்டது. அந்தத் தீபாவளிக்கு லைன் லீடராகத்தான் ஊருக்குப் போனேன்.

வீட்டில் இன்றைக்கும் நான்தான் வேடிக்கை. விருந்தாளி வந்தால் போதும், என் மகள் மோட்டாரைப் போட்டுவிட்டு வந்து, "அப்பா, கத்துங்கப்பா" என்பாள். எங்கள் புதுமனை புகுவிழாவுக்குக் கஸ்தூரி அக்காவும் வந்திருந்தார். அன்றைக்கும் விடவில்லை மகள். நானும் கத்தினேன். பந்தியில் சாப்பிட்டுக்கொண்டிருந்த அக்கா, எச்சில் கையோடு எழுந்து ஓடிப்போய் மோட்டாரை நிறுத்தினார். அப்புறம்தான் மூச்சு வாங்கத் திரும்பி என்னைக் கேட்டார்:

"யாருடா அந்தப் பொம்பள? இன்னா கத்து கத்துறா!"