நாலாம் அத்தியாயத்தை மாற்றித் தரவும்

தண்ணீரூற்று,
ஞாயிறு காலை.

அன்புள்ள மகள் சுதாஜினி அறிவது,

நானும் அம்மாவும் இரண்டு பசுக்களும் சுகமாக இருக்கிறோம். நீயும் பல்கலைக்கழகத்தில் அவ்வாறே இருக்க அம்மனை வேண்டுகிறேன். முப்பத்தொரு வருடம் உபதபாலதிபராக இருந்தவன் சுகம் விசாரிக்காமல் கடிதம் தொடங்கக்கூடாது என்பதற்காக இதை எழுதினேன். சுகம் என்பதைப் பசுக்கள் அளவில் மட்டும் எடுத்துக்கொள். தொலைபேசியில் சொல்லியிருக்கலாம். ஆனால் தொலைபேசி குசினிக்குள் அடுப்புக்குப் பக்கத்தில் இருக்கிறது, குசினிக்குள் அம்மா இருக்கிறா, அம்மா நாலு நாளாக என்னோடு கதைப்பதில்லை.

விசயம் உன் ஆராய்ச்சியைப் பற்றியது. 'வளர்ந்துவரும் நாடுகளில் அரச கடனும் பொருளாதார வளர்ச்சியும்' என்று எழுதுகிறாய் அல்லவா, அதன் முதலாம் அத்தியாயத்தைப் போன வருடம் வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்கு வந்தபோது எழுத்துப்பிழை பார்க்கச் சொல்லித் தந்துவிட்டுப் போனாய். எழுத்தைப் பார்த்தேன். பிறகு பொருளையும் பார்த்தேன். அங்கேதான் பிழை நடந்தது. கடன் வாங்கிய நாடுகள் வீதி போட்டன, மின்சாரம் எடுத்தன, தொழிற்சாலை கட்டி வளர்ந்தன என்று அடிக்குறிப்புகளோடு எழுதியிருந்தாய். என் தலைமையில் உள்ள, நெல் விதைக்கிற கமக்காரர் சங்கமோ, யுத்தம் முடிந்து மீளக் குடியேறித் தறப்பாள் கொட்டிலுக்குள் இருந்த நாளிலும் ஒருவருக்கும் ஐந்து சதம் கடன் பாக்கி இல்லாமல் இருந்தது. அதை நான் பெருமை என்று நினைத்திருந்தேன். உன் அத்தியாயத்தை வாசித்த பிறகுதான் நாங்கள் வளராமல் இருப்பதன் காரணம் விளங்கியது.

அடுத்த கூட்டத்திலேயே எழுந்து நின்று வாசித்தேன். பொருளாளர் வீரபாகு மட்டும், "தலைவர், இது நாடுகளுக்கு எழுதினதெல்லோ? நாங்கள் நாடோ?" என்று கேட்டார்.

"நாடு எண்டால் என்ன? கொஞ்சம் பெரிய சங்கம்தானே" என்றேன். எல்லோரும் கைதட்டினார்கள். இத்தனைக்கும் காரணம் அந்தக் கைதட்டல்தான்.

முதற் கடனில் வவுனியாவிலிருந்து ஓர் அரிசி மில் வாங்கினோம், பழையதுதான், ஆனால் நன்றாகப் பெயின்ற் அடித்திருந்தார்கள், அது லொறியில் வந்து இறங்கி, தேங்காய் உடைத்துச் சூடம் கொளுத்தி மின் ஆளியைப் போட்ட பிறகுதான் அதற்குத் திரீபேஸ் கரண்ட் வேண்டும் என்றும் எங்கள் ஒழுங்கைக்கு அது வரவில்லை என்றும் தெரிந்தது, மில்லைச் சும்மா வைத்திருந்தால் முதற் கடன் வீண் என்று வீரபாகுவே சொன்னதால் இரண்டாம் கடனில் ஜெனரேற்றர் எடுத்தோம், ஜெனரேற்றரைக் கொண்டுவந்த லொறி வாய்க்காலுக்கு மேலே இருந்த மதகுப் பாலத்தை உடைத்துக்கொண்டு உள்ளே இறங்கியது, மதகு இல்லாமல் மில்லுக்கு நெல் எப்படி வரும், மூன்றாம் கடனில் மதகு கட்டினோம், அது இன்றைக்கும் நல்ல மதகு, ஆனால் அது கட்டி முடிவதற்குள் காலபோக அறுவடை முடிந்து, விதைப்புச் செலவை அடைக்கச் சனம் நெல்லை வயலிலேயே வியாபாரிக்கு விற்றிருந்தது, ஆகவே ஊரில் மில் இருந்தது, கரண்ட் இருந்தது, மதகு இருந்தது, நெல் இல்லை. நாலாம் கடனில் நெல் வாங்கினோம். எங்கள் நெல்லைத்தான், பிள்ளை. எங்களிடமிருந்து போன அதே நெல்லை வியாபாரியிடம் கூடின விலைக்கு வாங்கி மில்லில் போட்டால், அரிசி எல்லாம் உடைந்து குறுணலாக வந்தது. ஊரில் கோழிகளுக்கு மட்டும் திருப்தி.

கொஞ்சம் பொறு, வெளியில் மோட்டார் சைக்கிள் சத்தம்.

பார்த்துவிட்டு வந்தேன். கொக்கிளாய் மீன்காரன். கடன் அறவிட வருகிற தம்பியும் மோட்டார் சைக்கிளில்தான் வருவார். நல்ல பிள்ளை, ஒரு நாளும் குரலை உயர்த்தியதில்லை. ஆனால் அந்தச் சத்தம் கேட்டால் என் கால்கள் என்னைக் கேளாமலே பின்வளவுக்குப் போய்விடுகின்றன. ஓர் இடத்தில் ஐந்து நிமிடம் இருக்க முடியவில்லை. இந்தக் கடிதத்தையே பாதி கதிரையிலும் பாதி வேலியடியில் நின்றும்தான் எழுதுகிறேன்.

வளர்ச்சி வரவே இல்லை என்று சொன்னால் பொய்யாகிவிடும். புத்தளத்திலிருந்து திரும்பி வந்த குடும்பத்துப் பிள்ளை றிம்ஸியா மில்லுக்கு எதிரே ஒரு தேத்தண்ணிக் கடை போட்டிருக்கிறாள். மில்லைப் பற்றி என்னோடு சண்டைபிடிக்க வருகிறவர்கள் அங்கே ஒரு பிளேன்ரீ குடித்துத் தெம்பாகிக்கொண்டு வருவார்கள். சண்டை முடிந்ததும் களைப்புக்கு இன்னொன்று. ஆறு மாதத்தில் கடைக்குப் புதுக் கதிரைகள் வந்தன, பிரிஜ் வந்தது. எனக்குப் பொறுக்கவில்லை.

"பிள்ளை, நீ எந்த வங்கியில கடன் எடுத்தனி?"

"நான் ஒருத்தரிட்டையும் எடுக்கேல்லை ஐயா. நீங்கள் எடுத்தனீங்கள், எனக்கு அது காணும்" என்றாள்.

இனி அம்மாவின் கதைக்கு வருகிறேன். ஜெனரேற்றருக்கு டீசல் அடிக்கச் சங்கத்தில் காசு இல்லாமல் போனபோது, அம்மாவின் இரண்டு காப்புகளை அவாவுக்குச் சொல்லாமல் அடைவு வைத்தேன். ஒரு கிழமையில் மீட்டு அலுமாரிக்குள் வைத்துவிடலாம் என்று கணக்கு. புதன்கிழமை ஒரு கலியாண வீடு வந்தது.

"இஞ்சேருங்கோ, என்ர காப்பு எங்க?"

"அது வளர்ச்சியில போட்டிருக்கிறன், பத்மாசனி."

"எந்த வளர்ச்சியில?"

"ஜெனரேற்றருக்குள்ள."

அம்மா அலுமாரியை மூடினா. வெறுங்கையோடு கலியாணத்துக்கு வந்து, சேலைத் தலைப்பால் கையை மூடிக்கொண்டு பந்தியில் இருந்து சாப்பிட்டா. இடம்பெயர்ந்து ஓடிய காலம் முழுக்க மடியில் கட்டிக்கொண்டு திரிந்த காப்புகள் அவை. நான் எதிர்ப் பந்தியில் இருந்து பார்த்தேன். இதைப் பகிடியாக எழுத எனக்குத் தெரியவில்லை, பிள்ளை.

மறுநாள் உன் நாலாம் அத்தியாயம் தபாலில் வந்தது. நான் பின்வளவில் நின்ற நேரம் பார்த்து வீரபாகு வந்து, கடித உறையை உடைத்து முழுவதையும் வாசித்துவிட்டார். கடன் ஓர் எல்லையைத் தாண்டினால் வளர்ச்சியைக் கூட்டாது, குறைக்கும் என்று எழுதியிருக்கிறாய்.

"தலைவர், இதை ஏன் முதலே சொல்லேல்லை?"

"அப்ப அவள் எழுதேல்லை."

"எல்லை எண்டு போட்டிருக்கு. அது எங்க கிடக்கு? மதகுக்கு இங்காலயோ, அங்காலயோ?"

"நாட்டுக்கு நாடு வேறையாம்."

"எங்கட நாட்டுக்குச் சொல்லுங்கோவன்!"

அவர் போன பிறகு நான் விரல்விட்டு எண்ணிப் பார்த்தேன். மதகுக்கு இங்காலதான். மில்லோடு நின்றிருக்க வேண்டும்.

இன்று மூன்று மணிக்குக் கூட்டம். வீரபாகு அந்த அத்தியாயத்தைச் சபையில் வாசிக்கப் போகிறார். ஆகையால் உன்னிடம் கேட்பது இரண்டு. ஒன்று, அந்த எல்லையைக் கொஞ்சம் உயர்த்தி எழுதித் திருத்திய பிரதியை அடுத்த கூட்டத்துக்கு முன் அனுப்பு. நாலு கடனும் உள்ளே அடங்கினால் போதும், உன் பேராசிரியர் கண்டுபிடிக்கமாட்டார். இரண்டு, நான் இன்று தலைவர் பதவியை இராஜினாமாச் செய்கிறேன். உன் விடுதிக்குப் பக்கத்தில் எனக்கு ஓர் அறை பார். மாதக்கணக்கில் இருப்பேன். இனி என் ஆயுளில் எந்தக் கடன் பத்திரத்திலும் கையெழுத்து வைப்பதில்லை, இது சத்தியம்.

நேரத்துக்குச் சாப்பிடு. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படி. அம்மா உன்னை விசாரிக்கச் சொன்னதாக எழுத ஆசை. அவா கதைக்காதபடியால் அவாவின் அன்பையும் நானே ஊகித்துச் சேர்த்து அனுப்புகிறேன். உன் படிப்புக்கு ஒரு குறையும் வராமல் அம்மன் பார்த்துக்கொள்ளட்டும்.

இங்ஙனம்,
அப்பா மயில்வாகனம்.

பி.கு.: ஞாயிறு பின்னேரம். கூட்டம் முடிந்து வந்து அவசரமாக எழுதுகிறேன். மேலே உள்ள எதையும் கணக்கில் எடுக்காதே; அறையும் பார்க்கவேண்டாம். வீரபாகு உன் அத்தியாயத்தை வாசிக்கவும் இல்லை, என் இராஜினாமாக் கடிதத்தை யாரும் காதில் வாங்கவும் இல்லை. பிரதேசத்தில் உள்ள ஏழு சங்கங்களையும் சேர்த்து ஒரு சமாசம் அமைக்கிறார்களாம். அதற்குத் தலைவராக என்னை ஏகமனதாகத் தெரிவு செய்துவிட்டார்கள். முன்மொழிந்தவர் வீரபாகு. "ஏன் என்னை?" என்று கேட்டேன். "மற்ற ஆறு தலைவர்மாருக்கும் கடன் எடுத்துப் பழக்கமில்லை" என்றார். எங்கள் ஊரின் நாலு கடனையும் சமாசம் பொறுப்பெடுத்து, ஏழு ஊருக்கும் பங்கிட்டு, அவற்றைக் கட்டி முடிக்க ஐந்தாவதாக ஒரு பெரிய கடன் எடுப்பது என்று முதலாவது தீர்மானம் நிறைவேறியது. நான்தான் கையெழுத்து வைத்தேன். இப்படிச் செய்வதற்கு உங்கள் படிப்பில் மரியாதையான பெயர் ஒன்று இருக்குமே. கூட்ட அறிக்கையில் எழுதவேண்டும், உடனே அறியத்தா.