எங்கள் கழுதை தேர்ந்தெடுத்த ஆயர்

மலைக்கு அந்தப் பக்கத்து ஊரின் ஆயரும் என் அம்மாவின் அண்ணனுமாகிய மிக்கினூஸ் மாமாவுக்கு, சாஃபிதா வணங்கி எழுதுவது. ஆண்டவர் தங்களுக்கு நலத்தையும் தங்கள் முழங்காலுக்கு ஓய்வையும் அருள்வாராக.

ஓர் ஆயருக்கு நான் கடிதம் எழுதுவது அதிகப்பிரசங்கித்தனம்தான், மன்னியுங்கள். எங்கள் வீட்டில் எழுத்துப் படித்த முதல் ஆள் நான். படிக்க வைத்ததும் நீங்கள்தான். நேரில் எனக்குப் பேச்சு வராது என்பதும் உங்களுக்குத் தெரியும்.

ஞாயிறன்று இன்னும் இரண்டு ஆயர்களோடு வந்து எங்கள் புதிய ஆயரின் தலைமேல் கை வைத்துப் பட்டம் கொடுக்கப் போகிறீர்களாம். தயவுசெய்து கொஞ்ச காலம் தள்ளிப் போடுங்கள். நம் திருச்சபை வழக்கப்படி மணமானவர் ஆயராகலாம், ஆயரானபின் மணக்க முடியாது. இவர்கள் தேர்ந்தெடுத்திருக்கிற, கோயிலில் விளக்கேற்றும் சில்வானோ இன்னும் கல்யாணமாகாதவர். பாவம், யோசிக்கக்கூட அவருக்கு யாரும் நேரம் கொடுக்கவில்லை.

பழைய ஆயர் இறந்ததிலிருந்து செக்குத் தெருக்காரர்கள் ஒருவரையும் குயவர் தெருக்காரர்கள் வேறொருவரையும் நிறுத்தி, கோயிலுக்குள்ளேயே தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்தார்கள், சில்வான் மட்டும் தூணடியில் உட்கார்ந்து, எப்போதும்போல் மடியில் ஒலிவப் பிண்ணாக்கை வைத்துக்கொண்டு விளக்குத் துடைத்துக்கொண்டிருந்தார், அந்த வாசனைக்கு எங்கள் கழுதை கயிற்றை அறுத்துக்கொண்டு நேரே உள்ளே போய் அவர் மடியில் முகத்தை வைத்தது, அதன் பெயர்தான் உங்களுக்குத் தெரியுமே, இந்த வீட்டில் தகுதியானது அது ஒன்றுதான் என்று என் அண்ணனைப் பார்த்துக்கொண்டே அப்பா வைத்த பெயர், தகுந்தான், அப்பா வாசலில் நின்று கையை நீட்டி, "தகுந்தான்! ஏ தகுந்தான்!" என்று கூப்பிட, களைத்துப்போயிருந்த கூட்டம் அப்பா கை காட்டிய பக்கம் திரும்பி, சில்வானைப் பார்த்து, ஆயர் தேர்தலில் கத்துகிற வழக்கப்படி "தகுந்தவர்! தகுந்தவர்!" என்று மரியாதை சேர்த்துப் பிடித்துக்கொண்டது, எதிராளி ஜெயிக்கவில்லை என்பதில் இரண்டு தெருவுக்கும் ஒரே சந்தோஷம்.

சில்வான் எழுந்து, "ஐயோ, நான் தகுந்தவன் இல்லைங்க," என்றார்.

குயவர் தெருப் பெரியவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "பாத்தீங்களா? தகுந்தவங்கதான் இப்படிச் சொல்லுவாங்க."

சில்வான் ஓடிப் பார்த்தார். உண்மையான ஆயர்கள்தான் ஓடுவார்கள் என்று துரத்திப் பிடித்துவிட்டார்கள். இப்போது கோயில் பின்னறையில் வைத்துப் பூட்டி, அத்திப்பழமாகக் கொடுத்துக்கொண்டிருக்கிறார்கள். அப்பா உண்மையைச் சொல்லிப் பார்த்தார். ஆண்டவர் கழுதை மூலமும் பேசுவார் என்று பதில் வந்தது. அதிலிருந்து தகுந்தான் பாரம் சுமக்க மறுக்கிறது.

ஆகவே மாமா, முழங்கால் வலி என்றாவது சொல்லி இந்த ஞாயிறு வராதிருங்கள். அத்தைக்கு என் அன்பு. உங்கள் மந்தை பெருகட்டும். அது உங்கள் பேச்சைக் கேட்கவும் கேட்கட்டும்.

தங்கள் மருமகள்,
சாஃபிதா

பின்குறிப்பு: மேலே எழுதியதையெல்லாம் மறந்துவிடுங்கள். இன்று நான் ரொட்டி கொண்டுபோனபோது, பூட்டிய கதவுக்குப் பின்னாலிருந்து அவர் முதலில் கேட்டது, "தகுந்தான் சாப்பிட்டானா?" என்பதுதான். இவரைவிட நல்ல ஆயர் இந்த ஊருக்குக் கிடைக்கமாட்டார். ஞாயிறே கை வையுங்கள். ஆனால் வெள்ளிக்கிழமையே வந்து, சனிக்கிழமை அவருக்கு ஒரு கல்யாணம் முடித்துவையுங்கள். பெண் யார் என்று அவருக்குத் தெரியாது. அப்பாவுக்கும் தெரியாது. கழுதைக்கு மட்டும் கொஞ்சம் சந்தேகம் உண்டு. என்னைக் கட்டிக்கொள்ளச் சம்மதமா என்று அவரிடம் நீங்கள்தான் கேட்க வேண்டும், மாமா. எனக்கு வாய் வராது.