எட்டாண்டுத் தூய்மையும் ஒரு பாலமும்

மனித குலம் இதுவரை இயற்றிய சட்டங்களிலேயே உத்தமமானது, எட்டு ஆண்டுக்கு மேல் எவரும் சட்டமன்ற நாற்காலியைத் தேய்க்கக் கூடாது என்பதுதான். அது வந்த பிறகு, அமெரிக்காவின் நடுவில் சோளம் விளையும் எங்கள் மாநிலத்தில் பழம் பெருச்சாளிகள் ஒழிந்தார்கள். வெள்ளிக்கிழமைதோறும் இரு கட்சியாரும் ஒரே மேசையில் பொரித்த மீன் தின்று, சீட்டாடி, ‘உனக்கொரு சாலை, எனக்கொரு பள்ளி’ என்று பேசி முடித்த அசிங்கமும் அவர்களோடு ஒழிந்தது.

டார்லீன் வாஸ் இந்தத் தூய காலத்து உறுப்பினர். அவர் கேட்டதெல்லாம், விரிசல் விட்டு மூடிக் கிடந்த ஆற்றுப்பாலத்தைத் திறப்பதுதான். கணவர் கார்லுக்கு அக்கரை மருத்துவமனையில் டயாலிசிஸ். படகில்தான் போக வேண்டும். காற்றடித்தால் படகு ஓடாது.

அக்கரை உறுப்பினர் டாக்கெட்டுக்கும் அதே பாலம்தான் வேண்டும். ஆனால் அவர் மறு கட்சி. அவரோடு ஒரு காப்பி குடிக்கலாமா என்று டார்லீன் ஹேஸிடம் யோசனை கேட்டார். ஹேஸ் கம்பெனிகளுக்காகச் சட்டமன்றத் தாழ்வாரத்தில் நின்று பரிந்து பேசுபவர். முப்பது வருடமாக நிற்கிறார். அந்தக் கட்டடத்தில் மசோதா எழுதத் தெரிந்த ஒரே ஆளும் அவர்தான்.

“தாராளமா குடிங்க மேடம். எவனாவது ஒரு போட்டோ எடுத்தா போதும். இந்தச் சபையில எட்டு வருஷம் முடிஞ்சதும் மேல்சபைக்கு நிக்கணும்ல? எதிரியோட கொஞ்சினவங்கன்னு உங்க கட்சிக்காரங்களே சீட்டக் கிழிச்சிருவாங்க. மசோதாவ நான் எழுதித் தரேன், நீங்க தனியாவே கொண்டு வாங்க.”

கொண்டுவந்தார். சபையில் இரு கட்சிக்கும் சரிபாதி பலம், மசோதா தோற்றது. மறுவாரம் டாக்கெட்டும் ஒரு பால மசோதா கொண்டுவந்தார். டார்லீன் ‘கொள்கை’ காரணமாக நெஞ்சை நிமிர்த்தி எதிர்த்தார். அதுவும் தோற்றது.

எட்டு ஆண்டும் முடிந்தது. மேல்சபைக்கு, இருவரையும்விடச் சத்தமாக எதிரியைத் திட்டத் தெரிந்தவர்கள் போனார்கள்.

ஒரு காற்று நாளில் படகுத்துறையில் கார்ல் முகம் வெளிறிக் காருக்குள் சாய்ந்திருந்தார். அக்கரைக்குத் திரும்ப வழியில்லாமல் டாக்கெட்டும் அங்கே நின்றிருந்தார். இனி போட்டோவுக்குப் பயமில்லை. டார்லீன் தன் குடுவையிலிருந்து காப்பி ஊற்றிக் கொடுத்தார்.

“உங்க மசோதாவ யார் எழுதினது?” என்றார்.

“ஹேஸ்தான்.”

“எனக்கும் அவர்தான்.”

காருக்குள்ளிருந்து கார்ல் கேட்டார்: “அவர் யாரோட ஆளு?”

டாக்கெட், கட்டிக் கிடந்த படகின் மேல் எழுதியிருந்த கம்பெனிப் பெயரைக் கைகாட்டினார். டார்லீனுக்குக் கண் கலங்கிவிட்டது.

“எட்டு வருஷத்துல உங்க ரெண்டு பேரையும் வீட்டுக்கு அனுப்பிட்டோம்,” என்றார் கார்ல். “அவர அனுப்ப நாங்க எங்க போய் ஓட்டுப் போடறது?”