பாரிஸ் அன்ரியும் பின்னறைக் குடியரசும்

பிரெஞ்சுப் புரட்சியை லண்டனின் ஹரோ புறநகருக்குக் கொண்டுவந்தவர் பாரிஸ் அன்ரிதான். வேறு யாராவது உரிமை கொண்டாடினால் நம்பாதீர்கள். கொண்டுவந்ததும் அவர், நடத்தியதும் அவர், இடைவேளையில் எல்லோருக்கும் தேநீர் ஊற்றிக் கொடுத்ததும் அவர்.

அன்ரி என்பது ஆன்ட்டியின் யாழ்ப்பாண உச்சரிப்பு; பாரிஸ் என்பது பெயரில்தான். அந்த நகரத்தில் அவர் செலவழித்தது ஒரு ரயிலிலிருந்து இறங்கி இன்னொன்றில் ஏறுகிற நேரம் மட்டுமே. யாழ்ப்பாணத்திலிருந்து அகதிகளாகப் போன அன்ரியும் அவர் கணவரும் பிரான்ஸில் வாழ்ந்தது மாடுகளுக்கு மத்தியில். ஒரு விதவைப் பண்ணைக்காரியின் தொழுவத்தில் இருவருக்கும் வேலை. இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் சொந்தக்காரர்களைத் தேடி லண்டனுக்கு வந்து சேர்ந்தார்கள். ஹரோவில் பிரான்ஸ் என்றால் பாரிஸ். "ஈபிள் கோபுரத்தை நான் படத்திலதான் பாத்தனான்" என்று அன்ரி சொன்னால், அதைத் தன்னடக்கம் என்றார்கள். அன்ரிக்கு ஈபிள் கோபுரத்தைவிடத் தூரமாக இருந்தது தன்னடக்கம்தான்.

நான் அப்போது மலேசியாவிலிருந்து படிக்க வந்திருந்தேன். சனிக்கிழமைகளில் ஹரோவில் ஒரு தமிழ்ப் பள்ளியில் பாலர் வகுப்பு எடுத்தேன். எனக்கு அடுத்த பின்னறையில், பிள்ளைகளைக் கொண்டுவந்து விட்டுவிட்டுக் காத்திருக்கும் அம்மாக்களுக்கு அன்ரி ஆங்கில வகுப்பு நடத்தினார். ஆங்கிலம் என்பது கதவில் ஒட்டிய தாளில் இருந்தது. உள்ளே நடந்தது மெல்லிய சுவரைத் தாண்டி இப்படிக் கேட்கும்:

"விமென் வென்ட். எல்லாரும் சொல்லுங்கோ."

"விமென் வென்ட்!"

"எங்க வென்ட்?"

"வெர்சாய் பேலஸ்!"

"ஏன் வென்ட்?"

"நோ பிரெட்!"

"ஓம். ராஜாவை என்ன செய்தவை?"

"புரோட்! பாரிசுக்கு இழுத்துக்கொண்டு வந்தவை!"

என் வகுப்பில் நாலு வயதுப் பையன்கள் 'அம்மா, ஆடு' சொல்வதை விட்டுவிட்டு "நோ பிரெட்!" என்று மேசையைத் தட்ட ஆரம்பித்தார்கள். முறையிடப் போனேன். அன்ரி எனக்கும் ஒரு நாற்காலி போட்டார்.

பிரான்ஸின் நாட்டுப்புறப் பெண்களைப் பற்றி அவருக்குத் தெரியாதது இல்லை. தெரியாததையும் சொல்வார். விடியலில் எழுந்து மாடு, கோழி, பிள்ளை, பாலாடைக்கட்டி எல்லாம் பார்த்த பண்ணைக்காரன் மனைவிக்கு, அரசாங்கத் தாளில் நெடுங்காலம் 'தொழில் இல்லை' என்றே எழுதினார்களாம். இதைச் சொல்லும்போதெல்லாம் அன்ரிக்கு மூச்சு வாங்கும். "தொழில் இல்லையாம்! மாட்டிட்டக் கேட்டிருக்கலாம்தானே!" ஆகவே அவர் வகுப்பில் 'ஹவுஸ்வைஃப்' என்ற சொல்லுக்குத் தடை. ஊரிலிருந்து புதிதாக வந்திருந்த சாந்தி, டாக்டரின் கிளினிக் வரவேற்பில் தன்னிடம் என்ன வேலை என்று கேட்டபோது "மேனேஜர்" என்றாள். எதற்கு மேனேஜர் என்று கேட்டார்கள். "மாமா, மாமி, ஹஸ்பண்ட், டூ பாய்ஸ்" என்றாள். அன்று அவளுக்கு முதல் ஆளாக டாக்டரைப் பார்க்கக் கிடைத்தது என்பது அன்ரியின் வரலாறு. சாந்தியைக் கேட்டால் சிரிப்பாள்.

இன்னொரு கதை, மேயர் கதை. தேர்தல் பட்டியலில் பாதிப் பேர் பெண்களாக இருக்க வேண்டும் என்று பிரான்ஸில் சட்டம் வந்த சமயம். சந்தை கூடுகிற அந்தச் சின்ன டவுனில் பெண் வேட்பாளருக்குப் பஞ்சம். தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு மேயரே தொழுவத்துக்கு வந்துவிட்டார். பண்ணைக்கார மதாம் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லையாம். 'முதல்ல வாளியைப் பிடி' என்றாளாம். கறந்து முடியும்வரை மேயர் பிடித்துக்கொண்டு நின்றார்.

"அண்டைக்குத்தான் பிள்ளை நான் ஜனநாயகத்தை நேரில கண்டனான். நல்ல சாண மணம்."

எனக்கு அப்போது கண்டதையெல்லாம் படிக்கிற வேகம், படித்ததை உடனே யார் தலையிலாவது கொட்டுகிற வேகம். "இல்ல அன்ரி, ராஜாவ இழுத்துட்டு வந்தும் பொம்பளைங்களுக்கு ஓட்டு கிடைக்கல லா. ரெண்டாம் உலகப் போர் முடியறப்பதான் குடுத்தாங்க. நூத்தம்பது வருஷத்துக்கு மேல!"

"அதைத்தானே நானும் சொல்லுறன். ராஜாவைக் கவிழ்க்கிறது லேசு. கமிட்டியைக் கவிழ்க்க ஏலாது."

எங்கள் பள்ளியின் கமிட்டி அப்படிப்பட்டது. குடும்பத்துக்கு ஒரு வாக்கு. அதைக் குடும்பத் தலைவர் போடுவார். அவர் மண்டபத்தில் இல்லாவிட்டால் மட்டும் வீட்டில் வேறொருவர் போடலாம். தலைவர்கள் தவறாமல் இருந்தார்கள். பெண்கள் சமையலறையில் வடை சுட்டார்கள்.

அந்த வருடம் கமிட்டித் தலைவரான பிரெசிடென்ட் அண்ணைக்கு ஒரு யோசனை உதித்தது. காத்திருக்கும் அப்பாமார் நடைவழியில் நிற்கிறார்கள், பாவம். பின்னறையில் அவர்கள் கேரம் ஆட ஒரு கரம் பலகை போட்டால் என்ன? பொதுக் கூட்டத்தில் வாக்கெடுப்பு என்றார்.

"அப்ப என்ர வகுப்பு?" என்றார் அன்ரி.

"நீங்கள் கிச்சினில வைக்கலாம்தானே அக்கா. அங்க எல்லாரும் இருக்கினம்தானே."

மற்றவர்கள் சிரித்தார்கள். சாந்தி சிரிக்கவில்லை. வாரம் முழுக்க மாமனார் மாமியாரோடு வீட்டுக்குள் இருப்பவள். அவள் தனக்கென்று வெளியே வருவது அந்தப் பின்னறைக்கு மட்டும்தான். வகுப்பு போனால் அதுவும் போச்சு. அன்ரி அவளைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்துச் சொன்னார்: "ஆம்பிளையள் மண்டபத்தில இருக்கக்கூடாது. அவ்வளவுதான்."

கூட்டத்தன்று காலை ஹரோ முழுக்க ஒரு செய்தி பரவியது. லண்டனின் மறுகோடியில், டூட்டிங் கடையில் விளைமீன் வந்திறங்கியிருக்கிறது, துடிக்கத் துடிக்க. பெண்கள் ஆளுக்கொரு பையைக் கணவன் கையில் கொடுத்து அனுப்பினார்கள். அன்று ரயில் பாதையில் பராமரிப்பு வேலை வேறு. மாற்றுப் பஸ்ஸில் லண்டனைச் சுற்றிவிட்டு அவர்கள் திரும்புவதற்குள் கூட்டம் முடிந்துவிடும். குறையே இல்லாத திட்டம்.

ஒரே ஒரு குறை. அன்று புரட்டாசிச் சனி, சனீஸ்வரனுக்காக மீன் தொடாத விரதம். பிரான்ஸின் வரலாற்றைக் கரைத்துக் குடித்த அன்ரி, பஞ்சாங்கத்தைப் பார்க்க மறந்துவிட்டார். விரதம் இருக்காதவர்கள் மீனுக்குப் போனார்கள். விரதக்காரர்கள் நெற்றி நிறையத் திருநீற்றோடு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் அன்ரியின் கணவர்.

அங்கிள் அதிகம் பேசாத மனிதர். பிரெசிடென்ட் அண்ணையின் பள்ளித் தோழர். நண்பன் கை தூக்கினால் தானும் தூக்குவது பள்ளிக்கூடத்திலிருந்து வந்த பழக்கம்.

"நீர் மலேசியா. உமக்குப் பக்கம் இல்லை. நீர் எண்ணும்" என்று பிரெசிடென்ட் அண்ணை என்னை எழுப்பிவிட்டார்.

கரம் பலகைக்குக் கைகள் எழுந்தன. எண்ணினேன். வகுப்புக்குக் கைகள் எழுந்தன. சாந்தியின் கை உயர்ந்தது, பாதியில் மடங்கியது, மறுபடி உயர்ந்தது. எண்ணினேன். சமம். நம்பாமல் இன்னொரு முறை எண்ணினேன். சமம்தான். கை தூக்காதவர் அங்கிள் ஒருவரே.

"என்ன மச்சான் நித்திரையோ? கையைத் தூக்கு."

அங்கிள் நண்பனைப் பார்த்தார். அன்ரியைப் பார்த்தார். வெர்சாய்வரை கேட்கிற குரல் உடைய அன்ரி, வாயைத் திறக்காமல் தேநீர்க் குவளைகளை அடுக்கிக்கொண்டிருந்தார். அடுக்கியதையே கலைத்து மறுபடி அடுக்கினார்.

அங்கிள் எழுந்து கதவைத் திறந்துகொண்டு வெளியே போனார்.

"ஒண்டுக்குப் போறான். பொறுங்கோ" என்றார் பிரெசிடென்ட் அண்ணை.

பொறுத்தோம். கண்ணாடிக் கதவுக்கு அப்பால், கார்கள் நிறுத்துமிடத்தில், தூறலில், எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அங்கிள் நின்றார். பிரெசிடென்ட் அண்ணை கதவருகே போய்க் கத்தினார். "மச்சான்! வாக்கு!"

"நான் அங்க இல்லை" என்றார் அங்கிள், திரும்பாமலே.

"என்னடா இல்லை? இஞ்சதானே நிக்கிறாய்!"

"மண்டபத்தில இல்லை. விதியை நீதானே எழுதினனீ. என்ர மனுசியைக் கேள்."

அன்ரி குவளையை வைத்தார். பச்சைக் கம்பளிச் சட்டையின் கையைச் சரிசெய்துகொண்டு மெதுவாகக் கையைத் தூக்கினார். நான் எண்ணினேன்.

மீன்காரர்கள் நனைந்து வந்து சேர்ந்தபோது, சாந்தி பின்னறையில் நாற்காலிகளை வரிசையாக்கிக்கொண்டிருந்தாள். விரதக்காரர்கள் மூக்கைப் பொத்தினார்கள். அன்ரி ஒரு துவாயோடு வெளியே ஓடினார். "உங்களுக்கு என்ன விசரே? குடையாவது கொண்டு போயிருக்கலாம்தானே!" என்று திட்டியபடியே அங்கிளின் தலையைத் துவட்டினார். துவட்டிக்கொண்டே இருந்தார், தலை காய்ந்த பிறகும்.

அதன்பிறகு பிரான்ஸைப் பற்றி நிறையப் படித்துவிட்டேன். அன்ரி சொன்னதில் எது சரி, எது பிழை என்று இப்போது பக்கம் பக்கமாகச் சொல்ல முடியும். ஆனாலும் புத்தகத்தில் எங்காவது ஒரு பெண் கையைத் தூக்கும்போது, நான் அந்தக் கைக்கு ஒரு பச்சைக் கம்பளிச் சட்டையை மாட்டிவிட்டுத்தான் அடுத்த வரிக்குப் போகிறேன்.