ஆடாத கேம் இருநூற்றுப் பதினாறு

"அஞ்சாநெஞ்சப் போர்வீரர். களம் பல கண்டவர். அதிரடி, வேட்டை, பெரும்போர் ஆகிய மூன்று துறைகளிலும் முன்வரிசை ஆட்டக்காரர்." சென்ற ஆண்டின் கடைசி வாரத்தில் கன்சோல் கம்பெனி அனுப்பிய ஆண்டறிக்கை, காஞ்சிபுரம் செவிலிமேடு தர்மதாஸைப் பற்றி இப்படித்தான் தெரிவித்தது.

தர்மதாஸுக்கு வயது நாற்பத்தாறு. பிளைவுட் கடை வைத்திருக்கிறார். பரம்பரை ஜைனர். பொழுது சாய்ந்தபின் சாப்பிட மாட்டார், வடிகட்டாத தண்ணீர் குடிக்க மாட்டார், கடைக்குள் கரப்பான் புகுந்தால் அதைக் காகிதத்தில் ஏற்றி வாசலில் இறக்கிவிட்டு, அது பத்திரமாகச் சாக்கடை சேரும்வரை நின்று பார்த்துவிட்டு வருவார். பெரும்போர்கள் நடந்ததாகச் சொல்லப்படும் அந்த ஆண்டில் அவர் ஆடுவதற்கென்று கன்ட்ரோலரைக் கையில் பிடித்திருந்தது மொத்தம் பதினோரு நிமிடம். அதில் நாலு நிமிடம் மொழியைத் தேர்ந்தெடுப்பதிலேயே போய்விட்டது. எந்த எதிரியும் காயப்படவில்லை.

பிறகு ஏன் அப்படி எழுதினார்கள்? அவர் வசம் இருந்த கேம்களின் பட்டியலைப் பார்த்து எழுதினார்கள். பட்டியலில் இருநூற்றுப் பதினாறு இருந்தன. இருநூற்றுப் பதினாறு கேம் வைத்திருப்பவன் ஆடுகிறவனாகத்தான் இருப்பான் என்று அந்தக் கம்பெனி நம்பியது. பாவம், அது வெளியூர்க் கம்பெனி. பீரோ நிறையப் பட்டு அடுக்கி வைத்துக்கொண்டு கல்யாணத்துக்குச் சாதா நூல் சேலையில் போகும் மனிதர்களை அது பார்த்ததில்லை.

வாசகரே, நான் சொல்ல வந்த இனம் இதுதான். ஆட்டக்காரர் வேறு, இவர் வேறு. இவர் எடுத்து வைப்பவர். ஓசியில் கிடைப்பதை, அதிலும் சட்டப்படி ஓசியில் கிடைப்பதை, தேடித் துருவி எடுத்து வைப்பவர். திருட்டுக் கேம் இறக்குகிறவனை இவர் மனிதனாகவே மதிப்பதில்லை. காசு கொடுத்து வாங்குகிறவனை மதிப்பார், ஆனால் இரக்கத்தோடு.

இவரிடம் வழி கேட்டுவிடாதீர்கள். கேட்டால் பஸ்ஸை விடுவீர்கள். ஸ்டோருக்குள் போய் விலை குறைந்ததிலிருந்து மேலே வருகிற மாதிரி வரிசைப்படுத்த வேண்டும் என்று தொடங்குவார். சந்தா கட்டியவர்களுக்கு மாதாமாதம் தரும் கேம்களை அந்த மாதத்துக்குள் தொட்டு வைத்துவிட வேண்டும், தொட்டால் போதும், இறக்க வேண்டாம் என்பார். ஆனால் அவர் மட்டும் மெஷினில் இடம் இருக்கும்வரை இறக்கியும் வைப்பார். முழுக்க இலவசமானவை, மாதிரிக்கு ஒரு மணி நேரம் தருபவை, பாயிண்ட் சேர்த்து வாங்குபவை, பழைய கேமுக்குப் பத்தாம் ஆண்டு நிறைவு என்று சும்மா அள்ளிவிடுபவை, வெள்ளி முதல் ஞாயிறு வரை மட்டும் கதவைத் திறந்து வைப்பவை என்று அவர் வகை பிரிக்கும்போது, இவ்வளவு இலக்கணம் படித்த மனிதர் ஒரு வரியாவது எழுதியிருக்கக் கூடாதா என்று உங்களுக்குத் தோன்றும். சந்தாவுக்குக் காசு கட்டத்தானே வேண்டும் என்று கேட்டுவிட்டால் மட்டும் முகம் மாறும். அது வேறு கணக்காம்.

அவர் வீட்டு நாள்காட்டியில் அஷ்டமிக்கும் சதுர்தசிக்கும் சிவப்பு வட்டம் இருக்கும், உபவாசத்துக்காக. மாதத்தின் முதல் செவ்வாய்க்குப் பச்சை வட்டம் இருக்கும், அன்று புது இலவசங்கள் வரும். இரண்டில் எதையும் அவர் தவற விட்டதில்லை. ஒன்றில் வயிறு காலியாக இருக்கும். மற்றதில் எதுவுமே காலியாக இருக்காது.

சின்ன காஞ்சிபுரத்தில் ஜரிகை வியாபாரம் செய்யும் வரதராஜன் இவருடைய பள்ளிக்கால நண்பர். அவரிடமும் கன்சோல் உண்டு. கேம் ஒன்றே ஒன்று, கிரிக்கெட். முழு விலை கொடுத்து வாங்கியது. தினம் ஆடி, கட்டைவிரலுக்குத் தைலம் தடவிக்கொள்கிற மனிதர். அவர் ஒருநாள் கடைக்கு வந்தபோது தர்மதாஸ் தன் எண்ணிக்கையை அறிவித்தார்.

"இருநூத்திப் பதினாறாபா? எத்தினி ஆடினே?"

"எடுத்து வச்சிருக்கேன்பா."

"எடுத்தியான்னு நான் கேக்கல."

தர்மதாஸ் ஒரு பிளைவுட் பலகையைத் தட்டிப் பார்த்தார். பதில் சொல்ல முடியாதபோது பலகையைத் தட்டிப் பார்ப்பது அவர் வழக்கம்.

உண்மையில் அவரிடம் பதில் இருந்தது. போர் கேம்களை ஆடினால் கொல்ல வேண்டும், அது நமக்கு ஆகாது. கார் பந்தயம் ஆடலாம், ஆனால் ரோட்டோரம் போகிறவன் மேல் ஏற்றிவிட்டால்? மீன்பிடி கேமைப் பற்றிப் பேசவே வேண்டாம். ஆக, பட்டியலில் பாதிக்கு மேல், நூற்று நாற்பது கொலைக்கருவிகளை வீட்டில் அடுக்கி வைத்துக்கொண்டு ஒன்றைக்கூடத் தொடாமல் இருக்கிறாரே, கொல்லாமைக்கு இதைவிட உயர்ந்த உதாரணம் உண்டா? கள்ளாமையும் குறைவின்றி நடக்கிறது, எல்லாம் சட்டப்படி வந்தவை. இல்லறத்தார்க்குச் சொன்ன ஐந்து விரதங்களில் பொருளுக்கு வரம்பு கட்டுவது என்று ஒன்று இருக்கிறது. திருப்பருத்திக்குன்றம் கோயிலில் நின்று அதையும் எடுத்துக்கொண்டவர்தான் அவர். சட்டை எட்டு, செருப்பு இரண்டு, கைக்கடிகாரம் ஒன்று. கேம்கள் அந்த வரம்புக்குள் வராதா என்று மனைவி இந்திரா கேட்டதற்கு, எடை இல்லாதது பொருளே ஆகாது என்று தீர்ப்பளித்தார்.

அந்தத் தீர்ப்பு ஒரு சனிக்கிழமை காலை எட்டு மணிவரை செல்லுபடியாயிற்று.

அன்று ஸ்டோரில் ஒரு போர் கேமைத் திறந்துவிட்டிருந்தார்கள். முழுக் கேமும் இலவசம், ஞாயிறு மாலை ஆறு மணிவரை மட்டும். தொண்ணூற்று நாலு ஜிபி. தர்மதாஸ் பித்தானை அழுத்தினார். இருபத்தைந்து ஜிபி இடம் போதவில்லை என்றது திரை. காப்பி டம்ளரோடு பின்னால் நின்ற இந்திரா அதைப் படித்துவிட்டாள்.

"எடையே இல்லன்னு சொல்லிக்கினு இருந்தீங்களே. எடை இல்லாததுக்கு இடம் எப்டிங்க பத்தாம போச்சி?"

கடைக்கு நேரமாயிற்று என்றார் தர்மதாஸ்.

எதையாவது அழித்தாக வேண்டும். எதை? பட்டியலை மேலிருந்து கீழ்வரை பார்த்தார். ஒவ்வொன்றும் அவர் காத்திருந்து, நாள் பார்த்து, தொட்டு எடுத்தது. திறக்காத கேம் திறக்காத வரையில் புதுசு. மடிப்புக் கலையாத பட்டுக்கும் கட்டி அவிழ்த்த பட்டுக்கும் ஒரே மதிப்பா? இந்த ஊரில் பிறந்தவனுக்கு இதைச் சொல்லித்தர வேண்டுமா? பட்டியலில் மடிப்புக் கலைந்தது ஒன்றே ஒன்றுதான் இருந்தது. ஏழு மாதமாக ஆடி ஆடிப் பழசாகிப் போனது, முப்பத்தாறு ஜிபி. அதுவும் இலவசமாக எடுத்ததுதான். வேண்டுமென்றால் நாளைக்கே மறுபடி இறக்கிக்கொள்ளலாம். அழிக்கவா என்று கேட்டது திரை. ஆம் என்று அழுத்திவிட்டுக் கடைக்குப் போனார்.

அந்த ஒன்று எதுவென்று சொல்லிவிடுகிறேன். அவருடைய பன்னிரண்டு வயது மகள் ஸ்ரேயாவும், முசரவாக்கத்தில் இருக்கும் அவர் தங்கை மகள் சம்யுக்தாவும் சேர்ந்து ஆடிய கேம் அது. இரண்டு நீர்நாய்கள் ஒரு சிறு படகை மலையிலிருந்து ஆற்றோடு கடலுக்குக் கொண்டுபோக வேண்டும். ஒன்று தள்ளினால் மற்றது பிடிக்க வேண்டும். தனியாக ஆடவே முடியாது. ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் சந்தித்து, சண்டை போட்டு, பேசாமல் இருந்து, மறுபடி கூடி, முப்பத்திரண்டு கட்டங்களில் முப்பத்தொன்றை முடித்திருந்தார்கள். கடைசிக் கட்டம் பாக்கி. இருவரும் சேர்ந்திருக்கும்போது அல்லாமல் அதைத் திறக்கவே கூடாது என்று ஒப்பந்தம். சம்யுக்தாவின் அப்பாவுக்குப் புனேவுக்கு மாற்றல் ஆகிவிட்டது. புதன்கிழமை ரயில். இந்த ஞாயிறுதான் கடைசி ஞாயிறு. இதெல்லாம் தர்மதாஸுக்கும் தெரியும். கேம் இருக்கிறதா இல்லையா என்பதைத் தவிர மற்ற எதற்கும் அவர் பட்டியலில் இடம் இல்லை, அவ்வளவுதான்.

ஞாயிறு பத்து மணிக்குச் சம்யுக்தா வந்தாள். பத்தேகாலுக்கு ஸ்ரேயா சமையலறைவரை வந்து, குரலை உயர்த்தாமல் சொன்னாள்.

"அப்பா, எங்க கேமைக் காணோம்ப்பா."

தர்மதாஸ் வாழைக்காய் சீவிக்கொண்டிருந்தார். சீவுவதை நிறுத்தவில்லை. "மெஷின் அப்டேட் போட்டுச்சிமா. இடம் பத்தலன்னா பழசை அதுவே தூக்கிடும்."

அப்படி எந்த மெஷினும் தூக்குவதில்லை. ஐந்து விரதங்களில் பொய்யாமையும் ஒன்று. அதை அவர் அந்த நேரத்தில் மறந்திருக்க வேண்டும், அல்லது எடை இல்லாத பொய் பொய்யாகாது என்று தீர்ப்பளித்திருக்க வேண்டும்.

அழுவார்கள் என்று எதிர்பார்த்தார். அழவில்லை. இந்தக் காலத்துப் பெண்கள், விஷயம் தெரிந்தவர்கள். மறுபடி இறக்கினால் நாங்கள் விட்ட இடத்திலிருந்து தொடருமே என்றாள் சம்யுக்தா. ஆமாம், தொடரும், தொடரும் என்றார் தர்மதாஸ். ஆனால் போர் கேம் அப்போது அறுபத்து மூன்று சதவீதத்தில் ஊர்ந்துகொண்டிருந்தது. செவிலிமேட்டு இணையத்துக்கு ஒரு நேரத்தில் ஒன்றைத்தான் இழுக்கத் தெம்பு. அதை நிறுத்திவிட்டு எங்களுடையதை முதலில் போடுங்கள் என்று ஸ்ரேயா கேட்டாள். இருநூற்றுப் பதினாறில் வேறு ஏதாவது ஆடுங்களேன் என்று அவர் தாராளமாகத் திறந்து காட்டினார். எடுத்து வைத்தவரே முதன்முறையாக அவற்றைப் பிறருக்குச் சிபாரிசு செய்த வேளை அது. எது நன்றாக இருக்கும் என்று கேட்டார்கள். அவருக்கு எப்படித் தெரியும்?

பெண்கள் இருவரும் திரைக்கு முன்னால் உட்கார்ந்து சதவீதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எழுபத்தொன்று. சாப்பாடு. எழுபத்தெட்டு. இந்திரா வந்து, அந்தச் சனியனை நிறுத்துங்களேன் என்று ஒருமுறை சொன்னாள். தர்மதாஸ் நியாயத்தை விளக்கினார்.

"ஆறு மணியோட அது போயிடும்மா. உங்க கேம் எங்க போவப்போவுது? இங்கயேதான் இருக்கும்."

"நாங்கதான் மாமா போறோம்" என்றாள் சம்யுக்தா.

அவள் அதைக் குத்தலாகச் சொல்லவில்லை. தகவலாகத்தான் சொன்னாள். தர்மதாஸ் பக்கத்தில் தட்டிப் பார்க்கப் பலகை எதுவும் இல்லை.

நாலரைக்குப் போர் கேம் இறங்கி முடிந்தது. இறங்கியதும், தொடங்குவதற்கு முன் இன்னும் ஒன்பது ஜிபி அப்டேட் இறங்க வேண்டும் என்றது. அதையும் இறங்கவிட்டார், இவ்வளவு தூரம் வந்துவிட்டு விடுவதா? ஐந்தேகாலுக்கு வாசலில் சம்யுக்தா அப்பாவின் பைக் சத்தம். பொழுது சாய்வதற்குள் முசரவாக்கம் போய்ச் சாப்பிட்டாக வேண்டும், அங்கே பாதி வீடு மூட்டையாகக் கிடக்கிறது, இறங்கக்கூட நேரமில்லை. சம்யுக்தா செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாள்:

"ஸ்ரேயா, நீ தனியா தொறக்காத. தீபாவளிக்கு வர்றேன். மாமா, கடைசி ஸ்டேஜ் அப்டியே இருக்கட்டும், இன்னா?"

"பத்திரமா இருக்கும்மா" என்றார் தர்மதாஸ்.

ஆறு மணி அடித்தது. போர் கேமின் முகப்பில், இலவச காலம் முடிந்தது, தொடர விரும்பினால் வாங்கலாம் என்ற அறிவிப்பு வந்தது. தர்மதாஸ் அதை வாங்கவில்லை, அழிக்கவும் இல்லை. பட்டியலில் இருக்கட்டும் என்று விட்டுவைத்தார்.

இவரைப் பார்த்து நீங்கள் சிரிக்கிறீர்கள். எங்கள் வீட்டில் கன்சோலே கிடையாது என்று நிம்மதியாகவும் இருக்கிறீர்கள். சரி. உங்கள் செல்போனில் பிறகு படிக்க என்று சேர்த்து வைத்திருக்கும் கட்டுரைகள் எத்தனை? இலவசமாகக் கிடைத்ததே என்று இறக்கி வைத்த புத்தகங்கள்? பாதி விலைக்கும் குறைவாக என்று சேர்ந்து, முதல் பாடத்தோடு நிற்கும் யோகா வகுப்பு? போன மாதம் செல்லில் இடம் போதவில்லை என்று வந்தபோது நீங்கள் எதை அழித்தீர்கள்? அந்தப் புத்தகங்களையா, அல்லது யாரோ ஒருவர் தன் குரலிலேயே பேசி அனுப்பி, நீங்கள் நாலு தடவை கேட்டுவிட்டதால் பழசாகிப்போன ஏதாவது ஒன்றையா? எனக்குத் தெரிய வேண்டாம். நீங்கள் ஒருமுறை போய்ப் பார்த்துக்கொள்ளுங்கள்.

தர்மதாஸ் விஷயத்தில் என்ன நடந்தது என்பதை மட்டும் சொல்லி முடிக்கிறேன். சனிக்கிழமை காலை அந்த மெஷின் இரண்டு கேள்வி கேட்டது. கேமை அழிக்கவா என்பது முதல் கேள்வி. இதுவரை ஆடி முடித்த கட்டங்களின் பதிவையும் சேர்த்து அழிக்கவா, அழித்தால் திரும்ப வராது என்பது இரண்டாவது. அதனால் கூடுதலாகக் கிடைக்கக்கூடிய இடம் எட்டு எம்பி. தர்மதாஸ் படித்துப் பார்த்தார். அதற்கும் ஆம் என்று அழுத்தினார்.