தாய்மாமன் கோபமும் ரோமாபுரிச் சாமியாரும்

கல்லல்,
புதன்கிழமை.

சென்னையில் தங்கி ஆராய்ச்சி செய்துகொண்டிருக்கும் செல்வமகள் சத்தியப்பிரியாவுக்கு அப்பா பூமிநாதன் எழுதிக்கொள்வது. இங்கு உன் அம்மா அழகி நலம், மாடு நலம், நீ வைத்துவிட்டுப் போன ரோஜாச்செடியும் நலம். நான் நலமில்லை, கோபமாக இருக்கிறேன். அங்கு உன் சுகத்தையும், நீ ஆராய்ச்சி செய்யும் ரோமாபுரிச் சாமியாரின் சுகத்தையும் தெரியப்படுத்தவும். அவர் செத்து எழுநூறு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது என்று நீ சொல்லியிருக்கிறாய். எனக்கு அப்படித் தெரியவில்லை. செத்தவர் எப்படி என் குடும்பத்துக்குள் புகுந்து இத்தனை வேலை பார்ப்பார்?

நீ போன ஞாயிற்றுக்கிழமை போனில், ஒன்றும் அறியாதவள் மாதிரி, "எதுக்குப்பா கோவம்?" என்று கேட்டாய். நான் சொல்லவில்லை. சொல்லவும் கூடாது. கோபப்பட்டவன் காரணத்தைத் தன் வாயால் சொன்னால் அதற்குப் பெயர் கோபமில்லை, மனு. அப்புறம் கலெக்டர் ஆபீசில் வரிசையில் நின்று கொடுத்துவிட்டு வரவேண்டியதுதான். நம் சனத்தில் ஒருவன் கோபித்துக்கொண்டால், கோபிக்க வைத்தவன் தானாக யோசித்துக் காரணத்தைக் கண்டுபிடித்து, வெற்றிலை பாக்கோடு வீட்டுக்கு வந்து, "தப்புத்தான்" என்று சொல்லிக் கூப்பிட வேண்டும். இவன் முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டும். மறுபடி கூப்பிட வேண்டும். அதற்குப் பிறகு இவன் காப்பி குடிக்கலாம். காலம் காலமாக இப்படித்தான் நடக்கிறது, யாரும் கெட்டுப்போகவில்லை. உனக்கு மட்டும் காரணத்தைச் சொல்கிறேன், ஏனென்றால் எல்லாவற்றையும் கெடுத்தவள் நீ.

போன வியாழக்கிழமை கண்டரமாணிக்கத்தில் ஒரு துக்க வீட்டுக்குப் போயிருந்தேன். இருட்டிய பிறகு வந்து குளித்துவிட்டுப் படுத்தேன். விடிந்ததும், காப்பிகூடக் குடிக்கவில்லை, போன் சத்தம் போட்டது. எடுத்துப் பார்த்தால் வாட்ஸப்பில் ஒரு படம். நாதஸ்வரம் வாசிக்கிறது, மேலேயிருந்து ரோஜாப்பூ கொட்டுகிறது, நடுவில் உன் அத்தை மகன், நம் பயல் இருளாண்டி ஒரு கூலிங்கிளாஸ் போட்டுக்கொண்டு நிற்கிறான். இந்த வாரம் ஞாயிற்றுக்கிழமை குலசாமி கோயிலில் அவனுக்குக் காதுகுத்தாம். கீழே கொட்டை எழுத்தில் "அனைவரும் வருக." நான் அனைவரா? ஒரே தங்கச்சி சுபா, அவளுக்கு ஒரே அண்ணன் நான், அவள் பிள்ளைக்குத் தாய்மாமன் நான், என் மடியில் உட்கார வைத்துக் குத்த வேண்டிய காது அது. காரைக்குடியிலிருந்து கல்லல் என்ன கண்காணாத தேசமா? உன் அத்தையும் உன் மாமன் பாண்டிமுருகனும் ஒரு தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு பழம் தேங்காய் வைத்து எடுத்துக்கொண்டு பஸ் ஏறி வந்து என்னை அழைத்திருக்க வேண்டாமா? காஸ் சிலிண்டர் எப்போது வரும் என்று செய்தி வருகிற அதே போனில் தாய்மாமனுக்கு அழைப்பா?

கத்தினேன். ஆமாம், கத்தினேன். "இனிமே இந்த வீட்டுல அந்த வீட்டுப் பேச்சை எவளாவது எடுத்தா நடக்குறதே வேற" என்று உன் அம்மாவிடம் சொன்னேன். அவள் ஏதோ சொல்ல வாயெடுத்தாள். கையைக் காட்டி நிறுத்திவிட்டேன். சுபா போன் பண்ணினாள், எடுக்கவில்லை. மாப்பிள்ளை போன் பண்ணினார், எடுக்கவில்லை. அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. உன் அம்மா கொண்டுவந்து வைத்த வாழைப்பழத்தைத் தின்றுதான் உயிரை வைத்திருந்தேன். நல்ல பழம், அதைக் குறை சொல்ல மாட்டேன். மறுநாள் ஒரு தேங்காய்த் துவையல் அரைத்தாள், அதற்காகக் கொஞ்சம் சோறு சாப்பிட்டேன். மற்ற நேரமெல்லாம் வெற்றிலையைப் போட்டுக்கொண்டு வாசலைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன். அந்த மட்டுக்கும் உன் அம்மா பரவாயில்லை, நான் கேட்காமலேயே கொழுந்து வெற்றிலையாக எடுத்து வைத்தாள். கோபப்பட்டவனை வீட்டில் அவள் ஒருத்திதான் மதித்தாள்.

இன்று வருவார்கள், நாளை வருவார்கள் என்று காத்திருந்தேன். ஒருவரும் வரவில்லை. திங்கட்கிழமை ரயில்வே கேட்டுக்குப் பக்கத்தில் பாண்டிமுருகன் மாப்பிள்ளையே எதிரில் வந்தார். சரி, வழியிலேயே காலில் விழப்போகிறார் என்று நான் முகத்தைத் திருப்பத் தயாரானேன். அவர் வண்டியை நிறுத்தி, செருப்பைக்கூடக் கழற்றிவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு சொல்கிறார்: "மச்சான், தப்பு எங்க மேலதான். உங்க கோவம் நாயமான கோவம். பிரியா எல்லாத்தையும் வெளக்கமாச் சொல்லிருச்சு. நாங்க உங்க கோவத்தை மதிக்கிறோம். நீங்க எம்புட்டு நாளைக்கு வேணும்னாலும் கோவமா இருந்துக்கங்க மச்சான். நாங்க வந்து தொந்தரவு பண்ண மாட்டோம்." சொல்லிவிட்டு ஒரு கும்பிடு போட்டார், போய்விட்டார். நான் திருப்பிய முகத்தோடு அங்கேயே நின்றேன். அதை யாரிடம் காட்டுவது?

அடியே, என்ன சொல்லி வைத்தாய் அவர்களிடம்? கோபப்பட வேண்டிய இடத்தில் கோபப்படாமல் இருப்பதும் ஒரு குறைதான், நியாயமான கோபம் நற்குணத்தோடு சேர்த்தி என்று உன் சாமியார் எழுதியிருக்கிறாராம். ஆகையால் அப்பாவை யாரும் சமாதானப்படுத்த வேண்டாம், தானாக அடங்கும் வரை விட்டுவிடுங்கள் என்றாயாம். அந்தச் சாமியார் கல்யாணம் பண்ணாதவர். மடத்தில் இருந்தவர். அவருக்குத் தங்கச்சி வீட்டுக் காதுகுத்து உண்டா, சீர்வரிசை உண்டா? அவருக்கென்ன, கோபம் நல்லது என்று எழுதிவிட்டுப் படுத்துக்கொள்வார். நல்ல கோபம் என்று சர்டிபிகேட் கொடுத்துவிட்டால் கோபித்தவன் கதி என்ன ஆவது? கெட்ட கோபம் என்று சொல்லியிருந்தால்கூட நாலு பேர் புத்தி சொல்ல வந்திருப்பார்கள், அந்தச் சாக்கில் சமாதானம் ஆகியிருப்பேன்.

பொங்கலுக்கு வந்தபோதே உன்னைக் கண்டித்திருக்க வேண்டும். விவேகம், நீதி, மனத்திடம், அளவோடு இருத்தல் என்று நாலு நற்குணம், அதற்கு மேல் விசுவாசம், நம்பிக்கை, அன்பு என்று மூன்று, ஆக ஏழு என்று நீ விரல் விட்டுச் சொன்னபோது நான் பெருமையாகத்தான் கேட்டேன். அப்புறம் கோபக்காரர்களில் மூன்று வகை என்று ஆரம்பித்தாய். பொசுக்கென்று கோபப்படுகிறவர் ஒரு வகை, தண்டனை கொடுக்காமல் விடாதவர் ஒரு வகை, உள்ளுக்குள்ளேயே வைத்துப் புளிக்க விடுகிறவர் ஒரு வகை. "அப்பா, நீங்க மூணாவது" என்றாய். நான் என்ன இட்லி மாவா? கோபம் என்பது ஓர் அவசரக்கார வேலைக்காரன் மாதிரி, எஜமான் பாதி சொல்லும்போதே ஓடிப்போய்த் தப்பான காரியத்தைச் செய்துவிட்டு வருவான் என்றும் சொன்னாய். உன் சாமியார் வீட்டு வேலைக்காரன் அப்படி இருக்கலாம். மின்வாரியத்தில் போர்மேனாக இருந்தவன் நான். லைனில் கரண்ட் இருக்கிறதா இல்லையா என்று முழுக்க விசாரிக்காமல் ஒரு கம்பத்திலும் கை வைத்ததில்லை.

அதுகூடப் போகட்டும். கடவுளுக்குக் கோபமே கிடையாது, கோபம் என்று நாம் சொல்வதெல்லாம் சும்மா பேச்சு வழக்கு என்று அவர் எழுதியிருப்பதாகச் சொன்னாயே, அதை நான் இன்னும் மறக்கவில்லை. நம் இருளப்பசாமியை வந்து பார்க்கச் சொல் அவரை. கையில் அரிவாள், கண் இரண்டும் தேங்காய் அளவு. இது பேச்சு வழக்கா? சாமி கோபித்தால் காரணம் சொல்லுமா? மாட்டுக்குச் சீக்கு வரும், மோட்டார் புகையும், நாம்தான் கோடாங்கியைக் கூப்பிட்டு உடுக்கை அடிக்கச் சொல்லி என்ன குறை என்று கேட்டுத் தெரிந்துகொண்டு படையல் போட வேண்டும். "சாமி, உங்க கோவம் நாயமானது, அப்படியே இருங்க" என்று கும்பிடு போட்டுவிட்டு வந்தால் ஊர் தாங்குமா? சாமிக்கு ஒரு முறை, தாய்மாமனுக்கு ஒரு முறையா?

வேறு வழியில்லாமல் நேற்று, கடை வைத்திருக்கும் முகைதீன் பிச்சை அண்ணனிடம் போனேன். நான் அனுப்பியதாகக் காட்டிக்கொள்ளாமல் காரைக்குடியில் மாப்பிள்ளையைப் பார்த்து, மச்சானைப் போய்க் கூப்பிடலாமே என்று போகிற போக்கில் சொல்லிவிட்டு வாருங்கள் என்றேன். நல்ல மனிதர், கடையை மகனிடம் விட்டுவிட்டுப் போனார். சாயங்காலம் திரும்பி வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, "தம்பி, ஒங்க மாப்ள எல்லாம் வெவரமாச் சொன்னாரு. ரொம்பச் சுத்தமான கோவம். யார் சொன்னாலும் விட்டுறாதீக" என்கிறார். நீ அவர்களிடம் சொன்னதெல்லாம் எனக்கு அவர் வாயால்தான் தெரிந்தது. உன் சாமியார் அவரையும் பிடித்துவிட்டார்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன், இதுவும் அவர் கொண்டுவந்த செய்திதான். அண்ணன் கோபத்தில் இருப்பதால் தொந்தரவு செய்ய வேண்டாம் என்று வலையபட்டி ஸ்ரீநிவாசனை மடி கொடுக்கச் சொல்லியிருக்கிறார்களாம். என் சித்தப்பா மகன்தான், தாய்மாமன் முறைதான், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அவன் மடி என்ன மடி? ஓர் இடத்தில் உட்கார மாட்டான், பாதியில் போன் வந்தால் பிள்ளையை இறக்கிவிட்டு எழுந்து போய்விடுவான். உன் அத்தை எத்தனை வருஷம் பிள்ளையில்லாமல் கோயில் கோயிலாக நடந்தாள் என்று உனக்குத் தெரியும். அந்தப் பயல் பிறந்தபோது ஆஸ்பத்திரியில் அவனை முதலில் வாங்கியது இந்தக் கை. ஆசாரி ஊசியை எடுத்ததும் அவன் அழுவான். அழும்போது என் வேட்டியைப் பிடித்துக்கொண்டுதான் அழ வேண்டும். எனக்கு வேறொன்றும் வேண்டாம் பிரியா. இதை நினைத்தால் கோபம் போய் வேறென்னவோ வருகிறது, அது இன்னும் கோபமாக இருக்கிறது.

ஆகவே நீ உடனே உன் அத்தைக்குப் போன் போட்டு, சாமியார் சொன்னதைத் தப்பாகப் படித்துவிட்டேன், கோபம் மகா கெட்டது, உடனே போய் ஆற்றாவிட்டால் ஆபத்து என்று சொல்ல வேண்டும். காரணம் என்னவென்று அவர்கள் கேட்டால் நீ சொல்லக் கூடாது, யோசிக்கச் சொல். வெற்றிலை என்ற சொல்லை மட்டும் பேச்சோடு பேச்சாக இரண்டு தடவை சொல். இதைச் செய்யாவிட்டால் நானும் அந்த மூன்று வகையில் தண்டனை கொடுக்காமல் விடாத வகைக்கு மாறிவிடுவேன்.

நேரத்துக்குச் சாப்பிடு. வெயிலில் அலையாதே. உன் ஆராய்ச்சி நல்லபடியாக முடிந்து, பட்டம் வாங்கி, அந்தச் சாமியாரை ஒருவழியாக அவர் மடத்துக்கே திருப்பி அனுப்ப இருளப்பசாமி உனக்குத் துணையிருக்கட்டும். அவருக்குக் கோபம் உண்டு, ஞாபகம் வைத்துக்கொள்.

இப்படிக்கு,
உன் மேல் ஒரு பங்கும் மற்றவர்கள் மேல் மூன்று பங்கும் கோபமுள்ள,
அப்பா பூமிநாதன்.

பின்குறிப்பு: கடிதத்தை மடித்துவிட்டு, ஒரு வாய் வெற்றிலை போடலாம் என்று உன் அம்மாவிடம் கேட்டேன். "தீந்துபோச்சு. சுபா வச்சிட்டுப் போனது அம்புட்டுத்தான்" என்றாள். எந்தச் சுபா என்று கேட்டேன். "வியாழக்கெழம சுபாவும் மாப்பிள்ளையும் தாம்பாளத்தோட வந்து ரொம்ப நேரம் உக்காந்து பாத்தாக. உங்களைப் பாக்காமப் போறது தப்புத்தான்னு சொல்லிக்கிட்டே போனாக. நீங்க கண்டரமாணிக்கம் போயிருந்தீக. எழவு வீட்டுக்குப் போய்ட்டு வந்த கையில நல்ல காரியத்து வெத்தலையக் குடுக்கலாமா? விடிஞ்சு குளிச்சதும் குடுக்கலாம்னு வச்சிருந்தேன். நீங்க விடிஞ்சும் விடியாம போனைப் பாத்துட்டு ஆட ஆரம்பிச்சிட்டீக. அந்த வீட்டுப் பேச்சை எடுக்கக் கூடாதுன்னீக. நான் எடுக்கல. வெத்தல வாடிப்போகுமேன்னு உங்களுக்கே எடுத்து வச்சேன்" என்றாள். பழம் என்று கேட்டேன். அதுவும் என்றாள். தேங்காய்? "தொவையல் நல்லாருக்குன்னு ரெண்டாந்தடவ வாங்கித் தின்னீகள்ல?"

அழைக்கவில்லை என்று கோபப்பட்டுக்கொண்டு அழைப்பை முழுக்கத் தின்று முடித்திருக்கிறேன். மிச்சம் அந்தத் தாம்பாளம்தான், அதில் மாட்டுக்குத் தவிடு வைத்திருக்கிறாள். தபாலில் போட்டால் ஞாயிறு தாண்டிவிடும் என்பதால் இந்தக் கடிதத்தைப் படமெடுத்து வாட்ஸப்பிலேயே அனுப்புகிறேன். சனிக்கிழமை சாயங்காலமே நான் காரைக்குடி போகிறேன், புது வேட்டி எடுத்தாகிவிட்டது, ஸ்ரீநிவாசனை வர வேண்டாம் என்று சொல்லிவிடு. மேலே எழுதியதை உன் அத்தையிடம் ஒரு வரிகூடப் படித்துக் காட்டாதே. அந்த அவசரக்கார வேலைக்காரனைப் பற்றிய பகுதி உன் ஆராய்ச்சியில் இருந்தால் இருக்கட்டும், என் பெயர் வராமல் பார்த்துக்கொள். அவர்கள் கேட்டால், நடந்த தப்பையெல்லாம் அப்பா மன்னித்துவிட்டார் என்று மட்டும் சொல்.